கையில் வில், அப்புறம் கோல்: லூயி ஷ்போரை வைத்து ஒரு எளிய விளக்கம்

ஒரு வயலினைக் கையில் வாங்கிப் பார்த்திருந்தால், அதன் அகலமான அடிப்பக்கத்தில் கருப்பாக, கொஞ்சம் குழிவாக, ஒரு மரத்துண்டு திருகி வைத்திருப்பதைக் கவனித்திருப்பீர்கள். தாடையைப் பதிக்கிற கட்டை அது. நம் ஊரில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, வயலினின் தலையைக் கணுக்காலில் ஊன்றி வாசிப்பவர்களுக்கு அதனால் பெரிய உபயோகம் கிடையாது, ஆனாலும் கடையில் வாங்கும் வயலினில் அது இருக்கும். நின்றுகொண்டு தோளில் வைத்து வாசிக்கிறவர்களுக்கோ விஷயம் வேறு. இடது கை தந்திகளின் மேல் மேலும் கீழும் ஓட வேண்டும், அதே கை வயலினையும் தாங்கிப் பிடிக்க வேண்டும் என்றால் ஓட்டம் தடைப்படும். தாடையும் தோளும் சேர்ந்து வயலினைப் பிடித்துக்கொண்டால்தான் இடது கைக்கு விடுதலை. இதற்காக 1820 வாக்கில் ஒரு ஜெர்மானியர் அந்தச் சின்னக் கட்டையைக் கண்டுபிடித்தார். அவர் வைத்தது நடுவில், தந்திகளைக் கட்டும் பட்டைக்கு மேலே. இன்று பெரும்பாலும் அது இடப்பக்கம் நகர்ந்துவிட்டது.

அவர் பெயர் லூயி ஷ்போர். பிறந்தது 1784 ஏப்ரல் 5, பிரவுன்ஷ்வைக் நகரத்தில்.

மேற்கத்திய செவ்வியல் இசை கேட்க ஆரம்பிக்கிற புதியவர்கள், ஜெர்மானியக் கலைஞர்களின் வாழ்க்கைக் குறிப்பைப் படிக்கும்போது "வயலின் கலைஞர், கண்டக்டர், இசை ஆசிரியர்" என்று மூன்றையும் சேர்த்துப் போட்டிருப்பதை அடிக்கடி பார்ப்பார்கள். எனக்கும் ஆரம்பத்தில் இது குழப்பமாகத்தான் இருந்தது. மூன்று வேலையை ஒருவர் எப்படிப் பார்க்கிறார், வயலின் வாசிப்பவர் ஏன் கோலை எடுத்துக்கொண்டு இசைக்குழுவுக்கு முன்னால் போய் நிற்கிறார், அந்தக் கோல் வீசுவதில் உண்மையில் என்ன நடக்கிறது என்றெல்லாம் கேள்வி வரும். ஷ்போரின் வாழ்க்கையைப் பார்த்தால் இதற்கு நல்ல பதில் கிடைக்கிறது, ஏனென்றால் கண்டக்டர் என்ற வேலையே உருவாகிக்கொண்டிருந்த காலத்தில் வாழ்ந்தவர் அவர், அதை உருவாக்கியவர்களில் ஒருவரும் கூட. என் புரிதலில் இந்த மூன்றும் ஒரே வேலையின் மூன்று முகம். மற்றவர் என்ன வாசிக்கிறார் என்று காது கொடுத்துக் கேட்பதுதான் அந்த வேலை.

அப்பா மருத்துவர், புல்லாங்குழல் வாசிப்பார். அம்மா பாடுவார், பியானோ வாசிப்பார். பையனுக்கு இரண்டு வயது இருக்கும்போது குடும்பம் சேசன் என்ற சிற்றூருக்குக் குடிபெயர்ந்தது. அங்கே பிரெஞ்சுப் புரட்சிக்குத் தப்பி வந்திருந்த துய்ஃபூர் என்பவர்தான் பையனின் திறமையைக் கண்டுகொண்டு, இவனை இசைக்கே விட்டுவிடுங்கள் என்று வீட்டில் சொன்னவர். பிறகு பிரவுன்ஷ்வைக்குக்குப் போய்ப் படித்தான். பதினாலு பதினைந்து வயதில் தன்னந்தனியாக ஹாம்பர்க் போய்க் கச்சேரி செய்து பிழைக்கலாம் என்று கிளம்பினான், ஒன்றும் நடக்கவில்லை, கையில் இருந்த காசும் தீர்ந்து திரும்பி வந்தான். அப்பாவிடம் போய் நிற்க மனம் இல்லை. ஒரு மனு எழுதிக்கொண்டு, பிரவுன்ஷ்வைக் கோமகன் தோட்டத்தில் நடக்கும் நேரம் பார்த்துப் போய் நேரிலேயே நீட்டிவிட்டான். கோமகன் படித்தார், இதை எழுதிக் கொடுத்தது யார் என்று விசாரித்தார், நானேதான் என்றான் பையன். வாசிக்கச் சொல்லிக் கேட்டு, 1799இல் அரண்மனை இசைக்குழுவில் வேலை போட்டுக் கொடுத்தார்.

இந்த அரண்மனை வேலை என்றால் என்னவென்று கொஞ்சம் சொல்ல வேண்டும். அன்று ஜெர்மனி ஒரே நாடு இல்லை. சின்னதும் பெரியதுமாக ஏராளமான சிற்றரசுகள், அவற்றில் பலவற்றில் ஓர் அரண்மனை, அரண்மனைக்கு ஓர் இசைக்குழு. இசைக்கலைஞர் என்றால் மாதச் சம்பளக்காரர், அரண்மனைப் பணியாள். இதன் நல்ல பக்கம், ஜெர்மனியில் ஊருக்கு ஊர் இசைக்குழு வளர்ந்தது. அந்த ஊர்களில் பலவற்றில் இன்றும் பொதுப்பணத்தில் நடக்கும் இசைக்குழு இருக்கிறது என்றால் அதன் வேர் அங்கேதான். கெட்ட பக்கத்தை ஷ்போரே எழுதி வைத்திருக்கிறார். பிரவுன்ஷ்வைக் கோமகளின் அறையில் வாரம் ஒரு கச்சேரி நடக்கும், ஆனால் அந்த அம்மையார் சீட்டாடிக்கொண்டிருப்பார். இசைச் சத்தம் ஆட்டத்தைக் கெடுக்கக்கூடாது என்று இசைக்குழுவின் காலடியில் கனத்த கம்பளம் விரித்திருப்பார்கள், மெதுவாகத்தான் வாசிக்க வேண்டும் என்பது கட்டளை. ஒருநாள் இளைஞன் ஷ்போர் தன்னை மறந்து முழு வில்லையும் போட்டு வாசித்துவிட்டான். வாசித்துக்கொண்டிருக்கும்போதே ஒரு சேவகன் வந்து கையைப் பிடித்து, இப்படிச் சத்தமாக இழுக்க வேண்டாமென்று கோமகள் சொல்லி அனுப்பியதாகக் காதில் சொன்னான். அந்த அவமானம் அவருக்கு வாழ்நாள் முழுதும் மறக்கவில்லை. பின்னாளில் எந்த அரண்மனையிலும், கேட்கிறவர்கள் அமைதியாக இருந்தால்தான் வாசிப்பேன் என்று பிடிவாதமாக இருந்தார்.

1802இல் கோமகனின் செலவில், ஃபிரான்ஸ் எக் என்ற வயலின் வித்வானோடு ரஷ்யாவுக்குப் பயணம். குருவோடு கூடவே வண்டியில் போய், தங்கும் ஊர்களில் பாடம் கற்பது. செயின்ட் பீட்டர்ஸ்பர்க் வரை போய் 1803இல் திரும்பினார். ஊருக்கு வந்தபோது பிரெஞ்சு வயலின் கலைஞர் பியேர் ரோடு அங்கே வந்து வாசித்தார், அதைக் கேட்டு இவர் மயங்கிப் போய், ரோடு மாதிரியே வாசிக்க வேண்டும் என்று சாதகம் செய்து, அந்தப் பாணி முழுதாகக் கையில் வந்த பிறகுதான் தன் சொந்தப் பாணிக்கு நகர்ந்தார். ரஷ்யாவிலிருந்து, இத்தாலியின் பேர்பெற்ற குவார்னேரி குடும்பத்தார் செய்த வயலின் ஒன்று கொண்டுவந்திருந்தார். 1804 தொடக்கத்தில் பாரிஸுக்குக் கிளம்பியபோது, கோட்டிங்கன் ஊருக்கு அருகில் வண்டியின் பின்னால் கட்டியிருந்த பெட்டியை யாரோ அறுத்துக்கொண்டு போய்விட்டார்கள். வயலின் அதில்தான் இருந்தது. திரும்பக் கிடைக்கவே இல்லை. அந்த ஆண்டு டிசம்பரில் வேறொரு வயலினோடு லைப்சிக் நகரத்தில் வாசித்தார், ராக்லிட்ஸ் என்ற விமர்சகர் மனம் நிறையப் பாராட்டி எழுத, இருபது வயதில் பெயர் ஜெர்மனி முழுக்கத் தெரிந்துவிட்டது.

1805இல் கோத்தா அரண்மனையில் கான்சர்ட்மாஸ்டர் பதவி. இங்கேதான் நம் விஷயம் ஆரம்பிக்கிறது.

கான்சர்ட்மாஸ்டர் என்பவர் யார்? இசைக்குழுவில் முதல் வயலின் வரிசை என்று ஒன்று உண்டு, மேடையில் கண்டக்டரின் இடதுகைப் பக்கம் உட்கார்ந்திருப்பார்கள். அதில் முதல் நாற்காலிக்காரர்தான் கான்சர்ட்மாஸ்டர். கச்சேரி தொடங்குமுன் எழுந்து நின்று சுருதி சேர்க்க வைப்பவர், கண்டக்டர் வந்ததும் கை குலுக்குபவர். தந்தி வாத்தியங்கள் எல்லாம் எந்த இடத்தில் வில்லை மேலே தள்ளுவது, எந்த இடத்தில் கீழே இழுப்பது என்று முடிவு செய்வதும் அவர்தான். இன்று அவர் கண்டக்டருக்கு அடுத்த இடம். ஆனால் 1805இல் கண்டக்டர் என்று தனியாக ஒருவர் பெரும்பாலும் கிடையாது. வயலின் வாசித்துக்கொண்டே முழுக் குழுவையும் நடத்தியவர் இந்த முதல் வயலின்காரர்.

அது எப்படி முடிந்தது என்றால், முப்பது பேர் இருக்கிற குழு, சீரான நடையில் போகிற இசை, அதனால் முடிந்தது. முதல் வயலின்காரர் தொடங்கும்போது தலையையும் வில்லையும் ஒரு அசைவு அசைப்பார், எல்லோரும் சேர்ந்து எடுப்பார்கள். நடுவில் தடுமாற்றம் வந்தால் வாசிப்பை நிறுத்திவிட்டு வில்லாலேயே தாளம் காட்டுவார். சில இடங்களில் பியானோவுக்கோ அதற்கு முந்தைய விசைப்பலகை வாத்தியமான ஹார்ப்ஸிகார்டுக்கோ முன்னால் ஒருவர் உட்கார்ந்து கூட வாசித்துச் சேர்த்துப் பிடிப்பார். பிரான்சில் ஒரு நீளமான தடியைத் தரையில் தட்டித் தாளம் காட்டும் பழக்கம் இருந்தது. 1687இல் லுல்லி என்ற பெரிய இசையமைப்பாளர் அப்படித் தட்டும்போது தன் காலிலேயே அடித்துக்கொண்டு, புண் புரையோடி, மூன்று மாதத்துக்குள் இறந்துபோனார்.

பிரச்சினை எங்கே வந்தது என்றால், இசை மாறியது. பீத்தோவன் காலத்துக்கு வரும்போது குழு பெரிதாகிறது, வாத்தியங்கள் கூடுகின்றன, ஒரே பகுதிக்குள் நடை வேகமெடுக்கிறது, தளர்கிறது, திடீரென்று நிற்கிறது. முதல் வயலின்காரரின் முன்னால் இருப்பது அவருடைய வயலின் பாகம் மட்டும். பின்வரிசையில் ஊதுகொம்புக்காரர் எங்கே உள்ளே வர வேண்டும் என்பது அந்தத் தாளில் இருக்காது. எல்லா வாத்தியங்களின் வரிகளும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதிய முழுத் தாளுக்கு ஸ்கோர் என்று பெயர். அதைப் பார்த்துக்கொண்டு, வாசிக்காமல், கேட்பதற்கென்றே ஒருவர் நின்றால் என்ன என்ற எண்ணம் பல ஊர்களில் பலருக்கு வந்தது. ஷ்போர் 1810இல் ஃபிராங்கன்ஹவுசன் என்ற ஊரில் நடந்த இசைவிழாவை நடத்தும்போது, ஹேடனின் 'படைப்பு' என்ற பெரிய பாடல் தொகுதிக்குப் பாடகர்களும் வாத்தியக்காரர்களுமாகப் பெருங்கூட்டம் மேடையில். வயலினைக் கீழே வைத்துவிட்டு, சுருட்டிய காகிதத்தைக் கையில் எடுத்துக்கொண்டு தாளம் காட்டினார். தட்டவில்லை, சத்தம் போடவில்லை. அப்படி ஒரு கூட்டத்தைச் சத்தமே இல்லாமல் நடத்தியதைப் பார்த்தவர்கள் வியந்து எழுதினார்கள்.

கோத்தாவில் இன்னொன்றும் நடந்தது. டோரெட் ஷெய்ட்லர் என்ற பதினெட்டு வயது ஹார்ப் (யாழ் போன்ற பெரிய தந்தி வாத்தியம்) கலைஞரைச் சந்தித்து 1806 பிப்ரவரியில் திருமணம் செய்துகொண்டார். இருவரும் ஜோடியாக ஊர் ஊராகப் போய் வாசித்தார்கள். இவர்கள் இருவருக்காக அவர் எழுதிய இசையில் ஒரு நுட்பம் இருக்கிறது, அதைச் சொல்லாமல் போக எனக்கு மனம் வரவில்லை. வயலினுக்கு டி மேஜர் போன்ற சுருதி நன்றாக ஒலிக்கும், ஏனென்றால் அதில் விரல் வைக்காத திறந்த தந்திகள் கூட அதிரும். ஹார்ப்புக்கு ஈ ஃப்ளாட் மேஜர் போன்றவை வசதி. இரண்டும் அரை சுரம் தள்ளி இருக்கின்றன. ஷ்போர் என்ன செய்தார் என்றால், ஹார்ப்பை அரை சுரம் இறக்கிச் சுருதி சேர்க்கச் சொன்னார். இப்போது டோரெட் தன் தாளில் ஈ ஃப்ளாட் வாசிக்கிறார், காதில் விழுவது டி. இரண்டு வாத்தியமும் தங்கள் தங்கள் வசதியான இடத்தில் இருக்கின்றன, இசை ஒன்றாகச் சேர்கிறது. இறக்கிக் கட்டியதால் ஹார்ப் தந்தி அறுவதும் குறைந்தது. மனைவியின் வாத்தியத்தைப் பக்கத்திலிருந்து நாள் முழுக்கக் கேட்டவருக்குத்தான் இந்த யோசனை தோன்றும். ஒரு நல்ல கண்டக்டர் எழுபது பேருக்குச் செய்வதை ஷ்போர் அப்போது ஒரே ஒருவருக்குச் செய்து பார்த்திருக்கிறார் என்று எனக்குத் தோன்றும்.

1813இல் வியன்னா. தியேட்டர் அன் டேர் வீன் அரங்கின் இசைக்குழுவுக்குத் தலைவர். அங்கே பீத்தோவன் பழக்கமானார். 1813 டிசம்பர் 8 அன்று பீத்தோவனின் ஏழாம் சிம்பொனி முதன்முதலாக அரங்கேறியபோது வயலின் வரிசையில் ஷ்போர் உட்கார்ந்து வாசித்தார். நடத்தியவர் பீத்தோவன், அப்போது காது பெரும்பாலும் போய்விட்டிருந்தது. மெல்லிய இடம் வந்தால் பீத்தோவன் உடம்பைக் குறுக்கிக் கீழே போய்விடுவார், சத்தம் ஏற ஏற எழுந்து, உச்சத்தில் காற்றில் எம்பிக் குதிப்பார். ஓர் இடத்தில் கேட்காததால் குழுவை விட்டு முன்னால் போய்விட்டார். அவர் எம்பிக் குதிக்கிறார், குழு இன்னும் மெல்லிய இடத்திலேயே இருக்கிறது. ஷ்போர் இதையெல்லாம் எழுதி வைத்திருக்கிறார். படிக்கும்போது மனம் கனக்கிறது. கேட்பதுதான் இந்த வேலையின் உயிர், அந்த ஒன்று மட்டும் அந்த மாமேதையிடம் இல்லாமல் போயிற்று.

1816இல் இத்தாலிப் பயணம். இதற்கு இடையில் கான்செர்ட்டோ என்றால் என்னவென்று சொல்லிவிடுகிறேன்: ஒரு தனி வாத்தியம், அதற்கு எதிரும் துணையுமாக முழு இசைக்குழு, வழக்கமாக மூன்று பகுதிகள். இத்தாலியர்கள் பாட்டுப் பைத்தியம், பாடியே நடிக்கும் நாடகமான ஓபரா இல்லாமல் அவர்களுக்குப் பொழுது விடியாது என்பது ஷ்போருக்குத் தெரியும். அதனால் தன் எட்டாவது வயலின் கான்செர்ட்டோவை ஓபராவின் ஒரு காட்சி மாதிரியே எழுதிக்கொண்டு போனார். வயலின்தான் பாடகி. முதலில் பேசுவது போல ஒரு முறையீடு, அப்புறம் நெஞ்சை உருக்கும் பாட்டு, கடைசியில் ஆவேசம், எல்லாம் இடைவெளி விடாமல் ஒரே மூச்சில். மிலான் நகரின் லா ஸ்காலா அரங்கில் அதை வாசித்தார். புதிதாகக் கேட்கத் தொடங்குகிறவர்களுக்கு ஷ்போரின் இசையில் நான் முதலில் சொல்வது இதைத்தான். மொத்தமே இருபது நிமிடம். நேரம் இருந்தால் ஒன்பது வாத்தியங்களுக்காக 1813இல் எழுதிய நானெட்டையும் கேளுங்கள், ஒவ்வொரு வாத்தியத்துக்கும் பேச இடம் கொடுத்திருப்பார்.

பிறகு ஃபிராங்க்ஃபர்ட் ஓபராவில் இரண்டு வருடம், 1820இல் லண்டன். லண்டன் பில்ஹார்மோனிக் சங்கத்தில் அப்போது இருந்த ஏற்பாடு இப்படி: ஒருவர் ஸ்கோரை வைத்துக்கொண்டு பியானோ முன்னால் உட்கார்ந்திருப்பார், ஆனால் தாளம் காட்ட மாட்டார், யாராவது தடுமாறினால் கூட வாசித்துக் காப்பாற்றுவார், இன்னொருவர் முதல் வயலினில் இருந்து நடத்துவார், ஆனால் அவரிடம் ஸ்கோர் இருக்காது. ஷ்போர் ஒத்திகைக்கு வந்தார். தன் சுயசரிதையில் அவர் சொல்லும் கதைப்படி, ஸ்கோரை ஒரு தனி மேசையில் வைத்து, குழுவுக்கு முன்னால் போய் நின்று, கோட்டுப் பையிலிருந்து ஒரு கோலை எடுத்தார். சங்கத்து நிர்வாகிகள் பதறிப்போனார்கள். ஒரே ஒரு தடவை பார்க்கலாமே என்று கேட்டுக்கொண்டு அவர் நடத்தினார். வேகம் எது என்று எல்லோருக்கும் கண்ணால் தெரிந்தது, உள்ளே வர வேண்டியவர்களுக்குக் கையால் முன்கூட்டியே குறிப்பு கிடைத்தது. தெரியாத இசையை முதல் வாசிப்பிலேயே குழு சுத்தமாக வாசித்துவிட்டது. கச்சேரியிலும் கோலோடு நின்றதாக அவர் எழுதுகிறார். அந்தக் காலத்துப் பத்திரிகைகளைப் பார்த்தவர்கள் சிலர், ஒத்திகையில் மட்டும்தான் கோல் பயன்பட்டிருக்கும், கச்சேரியில் பழைய முறைதான் என்கிறார்கள். எப்படியோ, அடுத்த சில பத்தாண்டுகளில் ஐரோப்பா முழுக்கக் கோல் வந்துவிட்டது. ஷ்போர் ஒருவரே அதைக் கண்டுபிடித்தார் என்று சொல்வது சரியாகாது, வேபர், மெண்டல்சோன் போன்ற இசையமைப்பாளர்கள் எல்லோருக்கும் பங்கு உண்டு, ஆனால் முதல் சிலரில் ஒருவர் அவர்.

சரி, கோல் என்ன சொல்கிறது? நாலு எண்ணிக்கைத் தாளம் என்றால் கை முதல் எண்ணுக்குக் கீழே, இரண்டுக்கு இடப்பக்கம், மூன்றுக்கு வலப்பக்கம், நாலுக்கு மேலே. கீழே விழும் அடிதான் தாளத்தின் முதல் எண் என்று கடைசி வரிசையில் இருப்பவருக்கும் தெரியும். இதைவிட முக்கியமானது, முதல் சத்தம் வருவதற்கு முன் கை மேலே எழும் அந்த ஒரு அசைவு. பாடுவதற்கு முன் மூச்சு இழுப்பது போல அது. அந்த அசைவின் வேகத்தில் இசையின் வேகம் இருக்கிறது, அதன் கனத்தில் முதல் சுரத்தின் கனம் இருக்கிறது. அடுத்த முறை காணொளி பார்க்கும்போது ஒலியை அணைத்துவிட்டு அந்த மேல் அசைவை மட்டும் பாருங்கள், வரப்போகும் இசை மென்மையா, வெடிப்பா என்று உங்களுக்கே தெரிந்துவிடும். வில்லை எடுத்து வாசித்த கைக்கு இது புதிதில்லை. வில்லைத் தந்தியில் வைப்பதற்கு முன் வயலின்காரர் கையைத் தூக்குவதும் இதே அசைவுதான். வயலின்காரர்கள் பலர் கண்டக்டர் ஆவதற்கு இதுவும் ஒரு காரணம்.

இதே காலத்தில் இன்னொரு சின்ன விஷயம். ஒத்திகையில் குழுவை நிறுத்திவிட்டு, நடுவில் ஓரிடத்திலிருந்து மறுபடி தொடங்க வேண்டும். ஒவ்வொருவர் கையிலும் வேறு வேறு தாள். அந்த மெல்லிய பகுதி முடிந்து ஏழாவது கட்டத்திலிருந்து என்றால், அந்த இடத்தில் வாசிக்காமல் சும்மா இருக்கும் முரசுக்காரருக்கு எது ஏழாவது என்று எப்படித் தெரியும்? ஸ்கோரிலும் எல்லோருடைய தாளிலும் முக்கியமான இடங்களில் ஏ, பி, சி என்று எழுத்து போட்டுவிட்டால் தீர்ந்தது. "டி-யிலிருந்து" என்று சொன்னால் போதும். இந்த எழுத்துகளைப் புகுத்தியவர் என்ற பெருமையும் ஷ்போருக்குத்தான் தரப்படுகிறது. தாடைக்கட்டை, கோல், ஒத்திகை எழுத்து மூன்றையும் வரிசையாக வைத்துப் பாருங்கள். மூன்றுமே வேலை செய்யும் இடத்தில் தினமும் உறுத்திய ஒரு தொந்தரவுக்கு அவர் கண்டுபிடித்த மருந்து.

1822இல் காசெல் நகர அரண்மனையில் இசைத் தலைவர் பதவி கிடைத்தது. வேபர் தனக்கு வந்த அழைப்பை மறுத்து, ஷ்போர் பெயரைச் சொல்லிவிட்டார். அங்கே போனவர் 35 வருடம் அந்தப் பதவியில் இருந்தார். 1823இல் அவருடைய 'யெசோண்டா' ஓபரா அங்கே அரங்கேறியது. வந்த வருடமே ஊர் மக்களைச் சேர்த்துக் கூட்டுப்பாடல் சங்கம் ஒன்றையும் ஆரம்பித்தார். மெண்டல்சோன் 1829இல் பெர்லினில் உயிர்ப்பித்த பாக்கின் மத்தேயு பாடுகளின் இசையை (இயேசு பட்ட பாடுகளைச் சொல்லும் பெரிய பாடல் தொகுதி) 1832இல் காசெலில் நடத்தினார். வாக்னர் இன்னும் பெரிய பெயராகாத நேரத்தில், 1843இலேயே 'பறக்கும் டச்சுக்காரன்' ஓபராவை மேடையேற்றினார். தன் இசைக்கும் வாக்னர் இசைக்கும் ரசனையில் எவ்வளவோ தூரம், இருந்தும் இளையவருக்கு வழி விட்டார். இதை நான் அவருடைய பெரிய குணமாகவே நினைக்கிறேன்.

அரசியலில் வெளிப்படையான மக்களாட்சிப் பற்றாளர். 1848 புரட்சியின்போது ஆறு வாத்தியங்களுக்காக எழுதிய செக்ஸ்டெட் ஒன்றுக்குத் தன் பட்டியலில் அந்த மக்கள் எழுச்சியைப் போற்றிக் குறிப்பு எழுதி வைத்தார். மன்னருக்கு இதெல்லாம் பிடிக்கவில்லை. 1851இல் விடுமுறைக்கு அனுமதி தராமல் இழுத்தடிக்க, இவர் பாட்டுக்குக் கிளம்பிப் போய்விட்டார். சம்பளத்தில் பிடித்தம் போட்டார்கள், வழக்கு நடந்தது, தோற்றார். அரண்மனைச் சம்பளம் என்பதன் விலை இதுதான், எவ்வளவு பெரிய பெயர் என்றாலும்.

இனி ஆசிரியர். வாழ்நாளில் ஏறக்குறைய 200 மாணவர்கள். காசெலுக்கு ஜெர்மனியிலிருந்து மட்டுமல்ல, வெளிநாடுகளிலிருந்தும் பிள்ளைகள் வந்தார்கள். பாடம் கற்பதோடு அரண்மனை இசைக்குழுவில் உட்கார்ந்து வாசிக்கவும் வாய்ப்பு கிடைத்தது; காலையில் யாரிடம் வில் பிடிக்கக் கற்றார்களோ அவருடைய கோலுக்குக் கீழேயே மாலையில் வாசித்தார்கள். 1832 வாக்கில் 'வயலின் பள்ளி' என்ற பெரிய பாடநூலை எழுதினார். அதைப் புரட்டினால் முதலில் கண்ணில் படுவது, பயிற்சிகள் இரண்டு வரியாக இருப்பது. மேல் வரி மாணவருக்கு, கீழ் வரி ஆசிரியருக்கு. ஆசிரியர் பக்கத்தில் நின்று பிரம்பால் மேசையைத் தட்டுவதில்லை, இரண்டாவது வயலினை எடுத்துக் கூடவே வாசிக்கிறார். பிள்ளையின் சுருதி விலகினால் பக்கத்திலிருக்கும் சுரத்தோடு உரசுவது பிள்ளைக்கே கேட்டுவிடும். திட்ட வேண்டிய அவசியமே இல்லை. விரல் அதிர்வுக்கு, அதாவது வைப்ராட்டோவுக்கு, நாலு வகை சொல்லி, அலை அலையான கோடு போட்டு எங்கே எது என்று காட்டியிருக்கிறார்: வேகமானது, நிதானமானது, நிதானத்தில் தொடங்கி வேகமெடுப்பது, வேகத்திலிருந்து தளர்வது. இன்றைக்கு ஒவ்வொரு சுரத்திலும் அதிர்வு போட்டுக்கொண்டே போகிறோம். அவருக்கு அது நகை மாதிரி, வேண்டிய இடத்தில் மட்டும். வில்லைத் துள்ளவிடும் வித்தைகள் அவருக்குப் பிடிக்காது. இத்தாலிய வயலின் வித்வான் பாகனினியின் வாசிப்பை 1830இல் காசெலில் கேட்டார். இடது கையின் திறமையையும் சுருதிச் சுத்தத்தையும் மெச்சினார், ஆனால் மனம் நிறையவில்லை. வயலின் பாட வேண்டும், அவருக்கு அவ்வளவுதான். இந்தப் பிடிவாதத்தால் அவர் சில நல்ல புதுமைகளைத் தவறவிட்டார் என்பதும் உண்மை.

ஒரு ஆசிரியரின் கை எவ்வளவு தூரம் போகும் என்று பார்க்க இந்தத் தொடர் போதும். ஷ்போரின் மாணவர் ஃபெர்டினாண்ட் டேவிட், லைப்சிக் கெவண்ட்ஹவுஸ் குழுவின் கான்சர்ட்மாஸ்டர். மெண்டல்சோன் தன் புகழ்பெற்ற வயலின் கான்செர்ட்டோவை எழுதும்போது அவரிடம்தான் கேட்டுக் கேட்டு எழுதினார். 1845 மார்ச் 13 அன்று அதை முதலில் வாசித்தவரும் டேவிட்தான். லைப்சிக் வந்த சிறுவன் யோசஃப் யோவாகிம் அவரிடம் பயின்றான், வியன்னாவில் வேறொரு பெரிய ஆசிரியரிடம் அடிப்படை கற்ற பிறகு. யோவாகிம் வளர்ந்து 1869இல் பெர்லினில் இசைக் கல்லூரி தொடங்கினார். அவரிடம் பயின்ற லியோபோல்ட் ஆவர் ரஷ்யா போனார், ஆவரிடம் பயின்றவர் யாஷா ஹைஃபெட்ஸ். ஹைஃபெட்ஸின் இசைத்தட்டுகளை இன்றும் கேட்கிறோம்.

கோல் வந்துவிட்டதால் பழைய முறை செத்துவிட்டது என்று நினைத்துவிட வேண்டாம். சின்னக் குழு என்றால் வயலினிலிருந்தே நடத்துவது இன்றும் உண்டு. 1891இல் ஜெர்மனியின் சீகன் நகரில் பிறந்த அடோல்ஃப் புஷ் இதற்கு நல்ல உதாரணம். 1935இல் தன் சிறு குழுவோடு பாக்கின் பிராண்டன்பர்க் கான்செர்ட்டோக்களை லண்டனில் பதிவு செய்தபோது, அவர் முதல் வயலின் நாற்காலியில் இருந்துதான் நடத்தினார். நாஜிகள் ஆட்சிக்கு வந்த 1933இலேயே, யூதர் அல்லாத அவர், இனி ஜெர்மனியில் வாசிக்க மாட்டேன் என்று நிறுத்திக்கொண்டவர். சிறுவன் யெஹூதி மெனுஹினுக்குப் பாடம் சொன்னவரும் அவர்தான். வயலின், நடத்துவது, கற்பிப்பது, இங்கேயும் மூன்றும் ஒன்றாகவே இருக்கிறது.

ஷ்போரை 1857 நவம்பரில் அவர் விருப்பத்துக்கு மாறாக ஓய்வில் அனுப்பினார்கள். அடுத்த மாதமே கீழே விழுந்து இடது கை முறிந்தது. எலும்பு கூடிவிட்டது, ஆனால் தந்தியை அழுத்த வேண்டிய வலு விரல்களுக்குத் திரும்பவில்லை. ஐந்து வயதிலிருந்து கூட இருந்த வயலினை 73 வயதில் பெட்டியில் வைத்து மூடினார். வலது கைக்கு ஒன்றுமில்லை. 1858 கோடையில் பிராக் நகர இசைப்பள்ளி தன் ஐம்பதாம் ஆண்டைக் கொண்டாடியபோது அங்கே போய், கோலை எடுத்து, தன் 'யெசோண்டா'வை நடத்தினார்.